குற்றப்பத்திரிகை நகல் கைக்கு வந்த பிறகு: விசாரணைக்கு முன்பே வழக்கை முடிக்கும் வழிகள்

"அத்தனையும் பொய் வழக்கு அம்மா." திண்டுக்கல்லில் என் மேசைக்கு எதிரே வந்து உட்காருபவர்களில் பெரும்பாலோர் இப்படித்தான் தொடங்குகிறார்கள். பல நேரம் எனக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் அந்த வாக்கியத்தை வைத்துக்கொண்டு விசாரணைக்கு முன்பு நீதிமன்றத்தில் எதையும் சாதிக்க முடியாது. பொய்யா மெய்யா என்பது சாட்சிகளைக் கூண்டில் ஏற்றி, குறுக்கு விசாரணை செய்து, கடைசியில் தீர்மானிக்க வேண்டிய விஷயம். அதற்கு முன்னால் நீதிபதி கேட்கிற கேள்வி வேறு. போலீஸ் எழுதியிருப்பது அத்தனையும் உண்மை என்றே வைத்துக்கொண்டாலும், அதில் குற்றம் இருக்கிறதா?

இந்தக் கேள்விக்கு "இல்லை" என்று உங்கள் வழக்குக் கட்டை, அதாவது போலீஸ் தாக்கல் செய்த ஆவணங்களின் தொகுப்பை, வைத்தே காட்ட முடிந்தால், வழக்கு விசாரணைக்குப் போகாமலேயே முடியும். முடியாவிட்டால் என்னதான் கோபப்பட்டாலும் முடியாது. வக்கீலைப் பார்க்கப் போகும் முன்பு நீங்களே இந்தக் கேள்வியைக் கேட்டுப் பார்ப்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

முக்கிய வழிகள் இரண்டு. ஒன்று, வழக்கு நடக்கும் நீதிமன்றத்திலேயே விடுவிப்பு மனு. இரண்டு, உயர் நீதிமன்றத்தில் ரத்து மனு. இரண்டும் ஒன்றுக்கொன்று மாற்று என்று நினைத்து, எது சீக்கிரம் முடியும் என்று மட்டும் கேட்கிறார்கள். எந்தக் கட்டத்தில் எது செல்லும் என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி.

எந்தச் சட்டம் என்பதை முதலில் பாருங்கள். 2024 ஜூலை 1 முதல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா வந்துவிட்டது, சுருக்கமாக பி.என்.எஸ்.எஸ். அன்றைக்கு முன்பே புலன் விசாரணையோ நீதிமன்ற விசாரணையோ நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய சட்டப்படியே நடக்கும். அதனால் இன்றைக்கும் ஒரே நீதிமன்றத்தில், ஒரே நாளில், பக்கத்துப் பக்கத்து வழக்குகள் வேறு வேறு சட்டத்தில் ஓடுகின்றன. கீழே தேவையான இடங்களில் இரண்டு எண்களையும் தருகிறேன்.

கட்டைப் படிப்பது எப்படி

சம்மன் வந்து நீங்கள் ஆஜரானதும் வழக்கு ஆவணங்களின் நகல் கொடுப்பார்கள். புதிய சட்டத்தின் 230ஆம் பிரிவு இதற்கு 14 நாள் கெடு வைத்திருக்கிறது. எஃப்.ஐ.ஆர்., பார்வை மகஜர் (சம்பவ இடத்தைப் பார்த்து எழுதிய குறிப்பு), மாதிரி வரைபடம், சாட்சிகளின் வாக்குமூலங்கள், காயச் சான்று, இறுதி அறிக்கை (குற்றப்பத்திரிகை) எல்லாம் அதில் இருக்க வேண்டும். ஏதாவது விடுபட்டிருந்தால் அன்றே எழுதிக் கேளுங்கள். நகல் பெற்ற தேதியை ஒரு மூலையில் குறித்து வையுங்கள். ஏன் என்று பிறகு சொல்கிறேன்.

ஊர் அடையாளங்களை மாற்றி ஒரு கட்டைக் காட்டுகிறேன். இரண்டு வீட்டுக்கு நடுவில் கழிவுநீர் வாய்க்கால். தகராறு. கணவன் ஏ-1, அதாவது முதல் எதிரி (குற்றம் சாட்டப்பட்டவரை நீதிமன்றத்தில் இப்படித்தான் சொல்வார்கள்), மனைவி ஏ-2, திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை பார்க்கும் மகன் ஏ-3. பிரிவுகள், தமிழ்நாட்டுக் காவல் நிலையங்களில் கண்ணை மூடிக்கொண்டு எழுதப்படும் அந்த மும்மூர்த்திகள்: இந்திய தண்டனைச் சட்டம் 294(பி) (ஆபாசமாகத் திட்டுதல்), 323 (அடித்தல்), 506(2) (கொலை மிரட்டல்). புதிய பாரதிய நியாய சன்ஹிதாவில் இவை 296(பி), 115(2), 351(3). கட்டில் நான்கு சாட்சிகள். நான்கு வாக்குமூலமும் எழுத்துக்கு எழுத்து ஒன்று. 'வாய்க்கால்' என்ற சொல்லில் நான்கிலும் ஒரே இடத்தில் 'க்' இல்லை. "ஆபாசமான வார்த்தைகளால் திட்டி, கையால் கன்னத்தில் அடித்து, உன்னைக் கொல்லாமல் விடமாட்டேன் என்று மிரட்டினார். மற்ற எதிரிகள் உடன் இருந்தனர்."

மகன் அந்த எழுத்துப் பிழையைச் சிவப்பு மையால் வட்டமிட்டுக் கொண்டுவந்திருந்தார். வழக்கு அதிலேயே போய்விடும் என்று நம்பினார். போகாது. நான்கு பேர் ஒரே மாதிரி சொன்னார்கள் என்பது சாட்சியின் நம்பகத்தன்மை பற்றிய கேள்வி; குறுக்கு விசாரணைக்குப் பத்திரமாக வைத்துக்கொள்ள வேண்டிய ஆயுதம். சம்பவத்தன்று தான் கம்பெனியில் இருந்ததற்கான வருகைப் பதிவையும் அவர் வைத்திருந்தார். அதையும் விடுவிப்பு மனுவில் காட்ட முடியாது. ஒடிசா அரசு எதிர் தேவேந்திரநாத் பாதி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2004இல் இதைத் தீர்த்துவிட்டது: குற்றச்சாட்டு வனையும் கட்டத்தில், அதாவது எந்தக் குற்றத்துக்கு விசாரணை என்று நீதிபதி எழுதும் கட்டத்தில், அவர் பார்க்க வேண்டியது போலீஸ் தாக்கல் செய்த ஆவணங்களை மட்டுமே. எதிரியின் கையில் இருக்கும் காகிதம், எவ்வளவு நல்ல காகிதமாக இருந்தாலும், அப்போது பையிலேயே இருக்க வேண்டியதுதான்.

சரி, பிறகு எதைப் பார்ப்பது? பிரிவு பிரிவாக, எதிரி எதிரியாகப் பாருங்கள்.

294(பி)க்குப் பொது இடம் அல்லது அதன் அருகில் என்பது வேண்டும். பிறருக்குத் தொல்லை என்பது வேண்டும். சொன்ன சொல் ஆபாசமாக இருக்க வேண்டும். கட்டில் அந்தச் சொல்லே இல்லை. வெறும் வசவு, அவமானப்படுத்தும் பேச்சு இந்தப் பிரிவுக்குள் வராது என்று நம் மாநிலத்திலிருந்து போன மதனகோபால் வழக்கில் 2022இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. 506(2)க்கு மிரட்டலால் எதிராளிக்கு அச்சம் உண்டாக்கும் நோக்கம் தெரிய வேண்டும். வாய்ச்சொல் மட்டும் போதாது என்பது 2015இன் மாணிக் தனேஜா தீர்ப்பு. ஏ-3 செய்ததாக ஒரு வினைச்சொல்கூடக் கட்டில் இல்லை. "உடன் இருந்தார்" என்பது குற்றமல்ல. ஆனால் ஏ-1 கன்னத்தில் அடித்தார் என்று இருக்கிறது, எளிய காயம் என்று அரசு மருத்துவர் சான்றும் இருக்கிறது. ஆகவே 323 ஏ-1 மீது நிற்கும். அதை நான் முதல் நாளே முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவேன். எல்லாப் பிரிவிலும் எல்லாரையும் விடுவிக்கக் கேட்டு எழுதுகிற மனு நீதிபதியின் பொறுமையைச் சோதிக்கிறது. நிற்காததை மட்டும் கேட்கிற மனு படிக்கப்படுகிறது.

506(2) மீது மட்டும் ஏன் இவ்வளவு கவனம் என்று கேட்கலாம். மற்ற இரண்டும் ஓராண்டுக்கும் அதற்குக் குறைவாகவும் தண்டனை உள்ளவை. 506(2) ஏழாண்டு வரை. இரண்டாண்டுக்கு மேல் தண்டனை உள்ள ஒரு பிரிவு சேர்ந்தாலே வழக்கு முழுவதும் வாரண்ட் வழக்காகிவிடுகிறது. நடைமுறை மாறுகிறது, காலவரம்பும் மாறுகிறது. அந்த ஒரு பிரிவு விழுந்தால் மீதி வழக்கு பாதி உயிரில் நிற்கும்.

விடுவிப்பு மனு

நடுவர் நீதிமன்றத்தில், போலீஸ் தொடுத்த வாரண்ட் வழக்கானால் பழைய 239, புதிய 262. அமர்வு நீதிமன்ற வழக்கானால் பழைய 227, புதிய 250. தனிநபர் புகாரில் தொடங்கிய வாரண்ட் வழக்கானால் பழைய 245, புதிய 268. முதலாவதில் குற்றச்சாட்டு "ஆதாரமற்றது" என்று தோன்ற வேண்டும். இரண்டாவதில் மேற்கொண்டு நடத்தப் "போதிய காரணம் இல்லை" என்று தோன்ற வேண்டும். நடைமுறையில் இரண்டுக்கும் அளவுகோல் ஒன்றுதான். 1978இல் பிரபுல்ல குமார் சமல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்தது அது: கட்டில் உள்ளவை எழுப்புவது லேசான சந்தேகமா, வலுவான சந்தேகமா? வலுவானது என்றால் விசாரணைக்குப் போக வேண்டும். இரண்டு விதமாகவும் பார்க்கலாம், எழுவது வெறும் சந்தேகம்தான் என்றால் விடுவிக்கலாம். நீதிபதி தபால்காரர்போல அரசுத் தரப்பு கொடுத்ததை அப்படியே வாங்கிக் கடத்தக் கூடாது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. அந்த வரியை எங்கள் மனுக்களில் தேயத் தேய எழுதிவிட்டோம்.

இப்போது கெடு. புதிய சட்டத்தில் நடுவர் நீதிமன்றத்தில் நகல் பெற்ற நாளிலிருந்து 60 நாளுக்குள், அமர்வு நீதிமன்றத்தில் வழக்கு ஒப்படைக்கப்பட்ட நாளிலிருந்து 60 நாளுக்குள் விடுவிப்பு மனு போட வேண்டும். மூலையில் குறித்து வைக்கச் சொன்ன தேதி இதற்குத்தான். பழைய சட்டத்தில் இப்படி ஒரு கெடு கிடையாது. அந்தப் பழக்கத்திலேயே இருக்கும் வக்கீல்கள் உண்டு. நீங்கள் நினைவூட்டுவதில் தவறில்லை.

மனு மூன்று பக்கத்தைத் தாண்ட வேண்டாம். எதிரி யார், எந்தப் பிரிவு, அந்தப் பிரிவுக்கு என்னென்ன வேண்டும், கட்டில் எந்தப் பக்கத்தில் என்ன இருக்கிறது, என்ன இல்லை. அவ்வளவுதான். குடும்பப் பகை, எதிராளியின் நடத்தை, இன்ஸ்பெக்டர் யாருக்கு வேண்டியவர் என்பவையெல்லாம் வேண்டாம். அரசு வழக்கறிஞர் பதிலுரை போடுவார். பெரும்பாலும் "இவையெல்லாம் விசாரணையில் பார்க்க வேண்டியவை" என்ற ஒரே வரி. அந்த வரிக்கு எதிராக நீங்கள் சொல்ல வேண்டியது ஒன்றுதான்: விசாரணையில் இந்தச் சாட்சிகள் இதை அப்படியே சொன்னாலும் தண்டிக்க முடியாது.

மனு தள்ளுபடியானால், அந்த உத்தரவைச் சரிபார்க்கக் கேட்டு மேல் நீதிமன்றத்தில் சீராய்வு மனு போடலாம். கெடு 90 நாள். குற்றச்சாட்டு வனைந்தாகிவிட்டது என்றால் அதன்பிறகு அந்த நீதிமன்றம் உங்களை விடுவிக்க முடியாது. விடுதலை அல்லது தண்டனை, இரண்டில் ஒன்றில்தான் முடியும். எனவே "குற்றத்தை ஒப்புக்கொள்கிறீர்களா?" என்று கேட்கப்படும் அந்த வாய்தாவுக்கு வக்கீல் இல்லாமல் போய் நின்றுவிடாதீர்கள். நெரிசலான காலை நேரத்தில், மூன்று நிமிடத்தில், கையெழுத்தும் வாங்கி முடித்துவிடுவார்கள்.

சிறிய பிரிவுகள் மட்டும் உள்ள சம்மன் வழக்குகளில் நிலைமை விநோதமாக இருந்தது. பெரிய குற்றம் சாட்டப்பட்டவருக்கு விடுவிப்பு மனு உண்டு; சின்னக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு இல்லை. அனுப்பிய சம்மனை நடுவரே திரும்பப் பெற முடியாது என்று 2004இல் அதாலத் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதால், உயர் நீதிமன்றம் போவதைத் தவிர வழியில்லாமல் இருந்தது. போலீஸ் தொடுத்த சம்மன் வழக்கை நிறுத்த பழைய 258இன்படி அதிகாரம் உண்டு என்றாலும் அது அபூர்வமாகவே பயன்பட்டது. புதிய சட்டத்தின் 274ஆம் பிரிவில் ஒரு நல்ல வாசகம் சேர்த்திருக்கிறார்கள்: குற்றச்சாட்டு ஆதாரமற்றது என்று கண்டால் நடுவர் காரணத்தை எழுதி எதிரியை விடுவிக்க வேண்டும். இதைப் பலரும் இன்னும் கையில் எடுக்கவில்லை. எடுங்கள்.

தனிநபர் புகாரிலும் புதிய சட்டம் ஒரு வாய்ப்புத் தருகிறது. 223ஆம் பிரிவின்படி, புகாரைக் கோப்பில் ஏற்கும் முன்பே எதிரியின் தரப்பைக் கேட்க வேண்டும். அந்த அறிவிப்பு வந்தால் அலட்சியமாக விடாதீர்கள்.

நாள்காட்டியை எடுங்கள்

சட்டவாதம் எதுவும் இல்லாமல், தேதிகளைக் கூட்டிக் கழித்தே முடியும் வழக்குகள் உண்டு. ஓராண்டு வரை தண்டனை உள்ள குற்றத்துக்கு ஓராண்டு, மூன்றாண்டு வரை தண்டனை உள்ளதற்கு மூன்றாண்டு, அபராதம் மட்டும் என்றால் ஆறு மாதம் என்பது காலவரம்பு. பழைய 468, புதிய 514. பல பிரிவுகள் சேர்ந்திருந்தால் கூடுதல் தண்டனை உள்ள பிரிவே கணக்கு. 506(2) ஏன் எல்லா எஃப்.ஐ.ஆரிலும் தவறாமல் இடம்பிடிக்கிறது என்பது இப்போது விளங்கும். பழைய சட்டத்தில் நடக்கும் வழக்குகளில், எஃப்.ஐ.ஆர். போட்டுவிட்டு இறுதி அறிக்கையை ஆண்டுக்கணக்கில் கிடப்பில் போட்டதற்காகவே சென்னை உயர் நீதிமன்றத்தில் ரத்தானவை ஏராளம். புதிய சட்டம் இந்த வழியை அடைத்துவிட்டது: போலீஸ் வழக்கில் தகவலைப் பதிவு செய்த தேதியே கணக்கு என்று 514இன் விளக்கம் சொல்கிறது. நீதி நோக்கில் தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளும் அதிகாரமும் நீதிமன்றத்துக்கு உண்டு.

உயர் நீதிமன்றத்தில் ரத்து மனு

இது பழைய 482, புதிய 528. திண்டுக்கல், மதுரை, திருச்சி முதலான தென் மாவட்டங்கள் என்றால் 2004இல் தொடங்கிய மதுரைக் கிளை, மற்றவை சென்னை. எதிர்மனுதாரர்கள் இருவர்: காவல் ஆய்வாளர், புகார்தாரர். புகார்தாரரைச் சேர்க்காமல் போட்டு, பிறகு நோட்டீஸ் அனுப்பி இழுக்க வேண்டாம்.

ரத்துக்கான வரையறை என்றால் எல்லாரும் சொல்வது ஹரியானா அரசு எதிர் பஜன்லால் வழக்கின் ஏழு வகைகள். 1990 நவம்பரில் வந்த தீர்ப்பு. முன்னாள் முதல்வர் மீதான சொத்துக் குவிப்புப் புகாரில் பிறந்தது. இதில் ஒரு வேடிக்கை: அந்த எஃப்.ஐ.ஆரை உயர் நீதிமன்றம் ரத்து செய்திருந்ததை உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை. அதிகாரமில்லாத அதிகாரி நடத்திய புலன் விசாரணையைத்தான் ரத்து செய்தது. ரத்து கேட்போர் எல்லாரும் தூக்கிப்பிடிக்கும் தீர்ப்பில் எஃப்.ஐ.ஆர். பிழைத்துக்கொண்டது.

ஏழில் நம் ஊர் வழக்குகளுக்கு உதவுபவை சில. சொன்னது முழுவதும் உண்மையானாலும் குற்றம் வரவில்லை என்பது முதன்மையானது. வழக்குத் தொடுக்கச் சட்டத்திலேயே தடை இருப்பது இன்னொன்று. இதற்கு நல்ல உதாரணம், தடையை மீறி ஆர்ப்பாட்டம் செய்தவர்கள் மீது போடும் 188. அந்தப் பிரிவில் உரிய அரசு ஊழியர் எழுத்துமூலம் புகார் கொடுத்தால்தான் நீதிமன்றம் எடுக்க முடியும். போலீஸ் தானாக எஃப்.ஐ.ஆர். போட்டு இறுதி அறிக்கை கொடுத்தால் செல்லாது. 2018இல் ஜீவானந்தம் வழக்கில் மதுரைக் கிளை இதைத் தெளிவாக வகுத்த பிறகு, சாலை மறியல் வழக்குகள் கொத்துக் கொத்தாக ரத்தாயின. உங்கள் மீது இன்னும் அப்படி ஒன்று தொங்கினால், அந்தத் தீர்ப்பின் நகலோடு வக்கீலைப் பாருங்கள்.

பணம் கொடுக்கல் வாங்கல், நில ஒப்பந்தம் போன்ற சிவில் தகராறுக்குக் குற்ற வழக்கின் சட்டை போட்டு அனுப்புவதும் ரத்துக்கு உரியது. ஆனால் சிவில் வழக்கும் நடக்கிறது என்பதாலேயே குற்ற வழக்கு போய்விடாது; தொடக்கத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்ததாகக் கட்டில் தெரிந்தால் வழக்கு நிற்கும். வரதட்சணைக் கொடுமைப் பிரிவான 498ஏவில், கணவனோடு சேர்த்து வெளியூர் நாத்தனார் வரை மொத்தமாக இழுத்திருந்தால், ஒவ்வொருவர் மீதும் குறிப்பான செயல் சொல்லப்பட வேண்டும் என்ற 2022இன் கஹ்கஷான் கௌசர் தீர்ப்பு உறவினர்களுக்குத் துணை. கணவனுக்கு அது தானாகத் துணையாகாது.

எஃப்.ஐ.ஆர். போட்ட மறுநாளே ரத்து கேட்டு ஓடாதீர்கள். புலன் விசாரணையை ஆரம்பத்திலேயே நிறுத்தக் கூடாது என்று 2021இல் நீஹாரிகா வழக்கில் உச்ச நீதிமன்றம் கடுமையாகவே சொல்லியிருக்கிறது. சட்டத்தடை போன்ற அப்பட்டமான காரணம் இல்லாவிட்டால், இறுதி அறிக்கை வரட்டும். அதில் இருக்கும் ஓட்டைதான் உங்கள் மனு. எஃப்.ஐ.ஆருக்கு எதிராகப் போட்ட மனு, இறுதி அறிக்கை வந்துவிட்டதாலேயே செல்லாமல் போகாது என்பதையும் 2018இன் ஆனந்த் குமார் மொஹட்டா தீர்ப்பு சொல்லிவிட்டது. பையிலேயே இருக்கட்டும் என்ற அந்தக் காகிதங்களுக்கும் இங்கே ஒரு சிறிய இடம் உண்டு. எதிர்த்தரப்பே மறுக்க முடியாத தரமுள்ள ஆவணம் என்றால் உயர் நீதிமன்றம் பார்க்கலாம் என்பது 2013இன் ராஜீவ் தாப்பர் வழக்கு. கம்பெனி வருகைப் பதிவு அந்தத் தரத்தில் வராது. பதிவு செய்யப்பட்ட பத்திரம், நீதிமன்றத் தீர்ப்பு போன்றவைக்கு முயலலாம்.

மனுவுக்கு எண் கிடைத்துவிட்டது என்பதால் கீழ் நீதிமன்றத்தில் வழக்கு நிற்காது. இடைக்காலத் தடை தனியாகக் கேட்டுப் பெற வேண்டும். "மதுரையில் போட்டாயிற்று, இனி வாய்தாவுக்குப் போக வேண்டாம்" என்று யாரோ சொன்னதை நம்பி வீட்டில் இருந்து, பிடிவாரண்ட் வந்தவர்களைப் பார்த்திருக்கிறேன். நேரில் ஆஜராவதிலிருந்து விலக்கும் சேர்த்துக் கேளுங்கள்; ரத்து கிடைக்காதபோதும் அந்த விலக்கைப் பல நீதிபதிகள் தருகிறார்கள். திருப்பூரிலோ துபாயிலோ வேலை பார்ப்பவருக்கு அதுவே பெரிது.

இன்னொன்று. ரத்து மனு விசாரணையின்போது, ரத்து செய்ய நீதிபதிக்கு மனம் இல்லை என்பது தெரிந்துவிட்டால், விடுவிப்பு மனு போடும் உரிமையை வைத்துக்கொண்டு வாபஸ் பெற அனுமதி கேட்பதே புத்திசாலித்தனம். அடம்பிடித்து வாதாடி, "முதல்நோக்கில் குற்றம் தெரிகிறது" என்று உயர் நீதிமன்றத்தையே எழுத வைத்துவிட்டால், அந்த ஒரு வரி கீழ் நீதிமன்றத்தில் கடைசிவரை உங்களைத் துரத்தும்.

சமரசமானால்

அடித்ததற்குச் சமரசம் செய்துகொள்ளச் சட்டத்தில் இடம் உண்டு. அடிபட்டவர் சம்மதித்தால் 323 அங்கேயே முடியும். திட்டியதற்கு இடமில்லை, 294(பி) சமரசப் பட்டியலில் கிடையாது. இந்தத் தர்க்கம் எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை. ஆகவே ராசியாகிப் பொங்கலுக்குப் பலகாரம் மாற்றிக்கொண்ட வீடுகள்கூட, வசவுக்காக மதுரைக்குப் பஸ் ஏற வேண்டியிருக்கிறது. பட்டியலில் இல்லாத குற்றத்தையும் சமரசத்தின் பேரில் உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்பது 2012இன் கியான் சிங் தீர்ப்பு. கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்றவற்றுக்கு இது பொருந்தாது. இரு தரப்பும் கையெழுத்திட்ட கூட்டு சமரசக் குறிப்பு, பிரமாணப் பத்திரம், ஆதார் நகல் வேண்டும். இரு தரப்பும் நேரில் ஆஜராக வேண்டியிருக்கும்; இன்னார்தான் என்று காவல் நிலையத்திலிருந்து வந்தவர் அடையாளம் காட்டுவார். நீதிபதி புகார்தாரரிடம் நேரடியாகக் கேட்பார். "அவர்கள் சொல்லச் சொன்னார்கள்" என்று பதில் வந்தால் அத்தோடு சரி. பணம் கைமாறுவதாக இருந்தால் அதையும் குறிப்பிலேயே எழுதுங்கள்.

அரசே வழக்கை வாபஸ் பெறும் வழியும் இருக்கிறது. பழைய 321, புதிய 360. அதை அரசு வழக்கறிஞர்தான் கேட்க முடியும், நீதிமன்றம் சம்மதிக்க வேண்டும்; புதிய சட்டத்தில் பாதிக்கப்பட்டவரையும் கேட்க வேண்டும். நீங்களாகச் செய்யக்கூடியது இதில் அதிகமில்லை.

உத்தரவு வந்த பிறகு

விடுவிப்பு என்பது விடுதலைக்குச் சமமல்ல. புதிய ஆதாரம் கிடைத்தால் மறுபடி நடவடிக்கை எடுக்கச் சட்டம் தடுக்காது. அரசுத் தரப்போ புகார்தாரரோ சீராய்வுக்கும் போகலாம். அப்படி நடப்பது குறைவு என்றாலும், கட்டைத் தூக்கிப் பழைய பேப்பர் கடையில் போட்டுவிடாதீர்கள். உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு அன்றே மனு செய்யுங்கள். இரண்டு பிரதியாக வாங்குங்கள். ஜாமீன் போட்டவர்களின் ஆவணங்கள் நீதிமன்றத்தில் இருந்தால் திரும்பப் பெற மனு கொடுங்கள். அவர்களே வந்து கேட்கும்வரை காத்திருக்க வேண்டாம். நகல் ஒன்றைக் காவல் நிலையத்தில் கொடுத்து, இன்னொன்றின் பின்பக்கத்தில் முத்திரையோடு ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். அங்குள்ள பதிவேட்டில் உங்கள் பெயருக்கு எதிரே 'நிலுவை' என்ற சொல் தானாக மாறிவிடாது. பாஸ்போர்ட் சரிபார்ப்புக்கு ஆள் வரும்போதுதான் அது தெரியும். அப்போது அந்த முத்திரையைக் காட்டினால் பேச்சு அங்கேயே முடிந்துவிடும்.